சக்கிரீஸ்துக்குள் வந்து நின்ற பையன்



1841-ம் வருஷம் டிசம்பர் 8-ந் தேதி, அமலோற்பவ மாதா திருநாள். இத்தாலி தேசத்துத் தூரின் பட்டணத்தில் அர்ச். பிரான்சிஸ் அசிசியார் கோவிலில், குருப்பட்டம் பெற்று ஆறே மாதமான ஜான் போஸ்கோ சுவாமி பூசைக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்தார். அப்போது பையன் ஒருவன் சக்கிரீஸ்துக்குள் வந்து நின்றான். பெயர் பார்த்தொலொமேயோ கரெல்லி, வயது 16, தாயுமில்லை, தகப்பனுமில்லை.

கோவில்பிள்ளை அவனைப் பூசைக்கு உதவி செய்யச் சொன்னார். தெரியாது என்றான். தூசி தட்டும் கம்பாலேயே அவனை அடித்து விரட்டினார்.

அந்தக் கோவில்பிள்ளையைப் பொல்லாதவர் என்று சொல்ல எனக்கு மனமில்லை. திருநாள் காலை, பூசைக்கு நேரமாகிறது, யாரோ ஒரு பையன் வழியில் நிற்கிறான். பூண்டிக்கும் வேளாங்கண்ணிக்கும் போகிறவர்களே, வாசலில் நிற்கும் பிள்ளையை நாமும் 'போ, போ' என்பதில்லையா?

சத்தம் கேட்ட சுவாமி, அவன் தம்முடைய சிநேகிதன் என்று சொல்லித் திரும்ப அழைப்பித்தார். அதற்கு முன் அவனைக் கண்டதே கிடையாது! பூசை முடிந்தபின் அன்போடு விசாரித்தார். எழுதப் படிக்கத் தெரியாது, பாடத் தெரியாது, புதுநன்மையும் வாங்கவில்லை. சீழ்க்கையாவது அடிக்கத் தெரியுமா என்றாராம், பையன் சிரித்துவிட்டான். ஓர் அருள் நிறைந்த மந்திரத்தோடு அன்றே ஞானோபதேசம் தொடங்கியது. அடுத்த ஞாயிறு தோழர்களையும் கூட்டிவந்தான்.

கொடுப்பதற்குக் கையில் ஒன்றுமில்லாத பையன். ஆனால் அவன் வந்து நின்றதாலேயே அங்கிருந்த இருவருடைய இருதயமும் வெளியே தெரிந்தது.

அந்த ஞானோபதேசம் நம் ஊர்வரை வந்தது. 1906 ஜனவரி 14-ந் தேதி, பொங்கல் சமயத்தில், தொமாத்திஸ் சுவாமி தலைமையில் சலேசிய சபையார் தஞ்சாவூர் வந்து, அநாதைப் பிள்ளைகளின் இல்லத்தை ஏற்றார்கள். இந்தியாவில் அவர்களுடைய முதல் வேலை இங்கேதான்.

இன்றும் ரயிலடியிலும் பஸ் நிலையத்திலும் தனியே திரியும் பிள்ளைகள் உண்டு. சிலர் காசு எறிந்து நடந்துவிடுகிறார்கள். காசும் சில சமயம் கம்புதான். கிட்டே வராதே என்று சொல்லும் கம்பு. வேறு சிலர், 'பாவம், நம் வீட்டில் மாடு மேய்த்துக்கொண்டு கிடக்கட்டும்' என்று கூட்டிப்போகிறார்கள். அது இரக்கமல்ல; 14 வயதுக்குட்பட்டவர்களை வேலைக்கு வைப்பது சட்டப்படியும் குற்றம். நின்று பெயரைக் கேளுங்கள். சாப்பிட்டாயா என்று கேளுங்கள். 1098 என்ற எண்ணுக்குத் தகவல் சொல்லுங்கள், கட்டணமில்லை. ஆள் வரும்வரை பக்கத்திலேயே இருங்கள். பஸ் ஒன்று தவறினால் அடுத்தது வரும்.

நம் கோவில் வாசலில் அப்படி ஒரு பிள்ளை நின்றால், உள்ளே அழைத்து உட்காரவைக்கும்படி கோவில்பிள்ளையிடம் சொல்லியிருக்கிறேன். பூசைக்கு உதவத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை.