கெடு தப்பிய நியாயம்

உறங்குகிறவனுக்குச் சட்டம் துணை நில்லாது என்பது கோர்ட்டுகளில் வழங்கும் பழைய கொள்கை. கொடுக்கல் வாங்கலில் அது நல்ல கொள்கைதான். காலம் போனால் சாட்சிகள் இறந்துவிடுகிறார்கள். ரசீதுகள் செல்லரித்துப் போகின்றன. கணக்கு முடிந்துவிட்டதென்று நம்பி எதிராளி தன் வாழ்க்கையை அமைத்துக்கொள்கிறான். வழக்கு என்றால் அதற்கு ஒரு முடிவு வேண்டாமா?

வேண்டும். ஆனால் எதிராளி சர்க்காராக இருந்தால் இந்தக் கொள்கை அப்படியே பொருந்துமா என்பதுதான் கேள்வி.

அணைக்கோ சாலைக்கோ நிலம் எடுக்கும்போது குடியானவன் அதை விற்கப் போகவில்லை. வாங்குகிறவரே விலையையும் சொல்லுகிறார். அது போதாது என்றால், 1894-ஆம் வருஷத்துச் சட்டப்படி, பணத்தை ஆட்சேபத்தோடு பெற்றுக்கொண்டு, விஷயத்தைக் கோர்ட்டுக்கு அனுப்பும்படி மனுக் கொடுக்க வேண்டியிருந்தது. கலெக்டர் தொகையை முடிவு செய்தபோது நேரில் இருந்தவனுக்கு ஆறே வாரம் கெடு. 'ஆட்சேபத்தோடு' என்ற ஒரு சொல் இல்லாமல் கைநாட்டு வைத்துப் பணம் வாங்கியவனுக்கு அந்த வாசலும் அடைபட்டது.

இதன் விளைவைப் பாருங்கள். ஒரு வரப்புக்கு இரு பக்கமும் ஒரே மண். இரண்டும் ஒரே அறிவிப்பில் போயின. வழக்காடியவனுக்குக் கோர்ட்டு விலையை உயர்த்திக் கொடுக்கிறது. வழக்காடாதவனுக்குப் பழைய விலைதான். மண்ணின் மதிப்பை வக்கீல் வைக்கும் வசதியா நிர்ணயிப்பது?

இந்த அநீதி 1984-இல் பாராளுமன்றத்தாருக்கே உறைத்தது. பக்கத்து நிலத்துக்குக் கோர்ட்டு கூட்டிக் கொடுத்தால், மனுக் கொடுக்காதவனும் அதே விகிதம் கேட்கலாம் என்று புதிய பிரிவு சேர்த்தார்கள். 2014 ஜனவரி முதல் அமலுக்கு வந்த புதிய சட்டத்திலும் அது இருக்கிறது. ஆனால் அதற்கும் மூன்று மாதக் கெடு; தீர்ப்பு நாளிலிருந்து. தீர்ப்பு வந்த செய்தியைக் கிராமத்துக்குக் கொண்டு போவது யார்?

சர்க்காரும் கெடு தவறுவதுண்டு. காஷ்மீரத்தில் அனந்தநாக் நிலங்களுக்குக் கூட்டிக் கொடுத்த தொகையை எதிர்த்துச் சர்க்கார் செய்த அப்பீல் நாலு நாள் தாமதமாயிற்று. 1987-இல் உச்ச நீதிமன்றம் அதை மன்னித்தது. நுணுக்கத்தைவிட நியாயமே பெரிது என்றது. சட்ட இலாகாவும் வக்கீல்களும் உள்ளவருக்குக் கிடைத்த மன்னிப்பு, தபால்காரரிடம் நோட்டீஸைப் படிக்கச் சொல்லிக் கேட்கிறவனுக்குக் கிடைக்க வேண்டாமா?

மறுபக்கத்தையும் மறைக்கக் கூடாது. பொதுப் பணம் யாரோ ஒரு ராஜாவின் கஜானா அல்ல; ஏழையும் அதில் போட்டிருக்கிறான். வட்டி ஏறட்டும் என்று காத்திருந்து வருகிறவனுக்கு அதிலிருந்து அள்ளிக் கொடுப்பதும் அநீதியே. இதற்கு நீதிபதிகள் பல வழக்குகளில் ஒரு நல்ல வழி கண்டிருக்கிறார்கள். தாமதத்தை மன்னிப்பார்கள், தாமதித்த காலத்துக்கு வட்டி தரமாட்டார்கள். நிலத்தின் விலை அவனுக்கு. உறக்கத்தின் விலையும் அவனுக்கே.

இமாசலப் பிரதேசத்தில் 1967-68-இல் சட்டப்படியான நடவடிக்கை இல்லாமலே சாலைக்கு நிலம் எடுத்தார்கள். உரியவரான எழுத்தறியாத மூதாட்டி 2010-இல்தான் கோர்ட்டுக்கு வந்தார். காலம் கடந்துவிட்டது என்றது சர்க்கார். இத்தனை வருஷம் அநுபவித்ததால் நிலம் தனதே என்றும் வாதாடிற்று. 2020-இல் உச்ச நீதிமன்றம் இரண்டையும் தள்ளி, நஷ்ட ஈடு கொடுக்கச் சொல்லிற்று.

அந்த நாற்பது வருஷமும் அவர் உறங்கினார் என்று சொல்லலாம். சர்க்கார் விழித்துத்தானே இருந்தது? சாலை போட்டது யார் நிலத்தில் என்பது அதற்குத் தெரியும். பணம் கொடுக்கவில்லை என்பதும் தெரியும். கடன்பட்டவன் வாய் திறக்காமல் இருந்த காலத்தைக் கடன் கொடுத்தவனின் குற்றமாக எழுதுவது சட்டமாகலாம்; தர்மம் ஆகாது.