காரணமும் கருணையும்

திரைப்படம் ஒன்றைப் பற்றி இலக்கிய மலரில் எழுதுவது தகுமா என்று அன்பர் சிலர் வினவக்கூடும். அறநூல்கள் எழுப்பும் வினாவையே ஒரு திரைப்படமும் எழுப்புமாயின், அதை ஒதுக்கிவிடுதல் முறையன்று என்பதே என் விடை. 1980ஆம் ஆண்டு தீபாவளியை ஒட்டி வெளிவந்த ‘மூடுபனி’ அத்தகையதொரு படம். தீமை செய்தவனின் துயரக் கதையை அறிந்துகொண்ட பிறகு, நாம் அவனை மன்னித்தே ஆகவேண்டுமா? இதுவே அப்படம் என் உள்ளத்தில் விதைத்த வினா.

தேஹு ரோட்டில் வாழும் நமக்கு அப்படத்தோடு ஓர் அண்டை உறவும் உண்டு. இங்கிருந்து உள்ளூர் வண்டியில் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் புனே நகரம். அங்கே, பழைய பிரபாத் ஸ்டுடியோ இருந்த வளாகத்தில், 1960இல் தொடங்கப்பெற்ற திரைப்படக் கல்லூரி இருக்கிறது. மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்த பாலு மகேந்திரா, கடல் கடந்து வந்து அங்கேதான் ஒளிப்பதிவுக் கலை பயின்றார். 1969இல் தங்கப் பதக்கத்தோடு தேறினார். பிழைப்புக்காக நாம் வந்த அதே மண்ணுக்குக் கலைக்காக வந்த தமிழர் அவர்.

ராஜேந்திரகுமார் எழுதிய ‘இதுவும் ஒரு விடுதலைதான்’ என்னும் நாவலைத் தழுவி, திரைக்கதை, ஒளிப்பதிவு, இயக்கம் ஆகிய மூன்று பொறுப்புகளையும் தாமே ஏற்று அவர் இப்படத்தை உருவாக்கினார். இசையமைத்த இளையராஜாவுக்கு இது நூறாவது படம். பிரதாப் போத்தனும் ஷோபாவும் முதன்மை வேடம் ஏற்றனர். ‘பசி’ படத்துக்காக நாட்டின் சிறந்த நடிகைக்குரிய தேசிய விருதுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட ஷோபா, ‘மூடுபனி’ வெளிவருவதைக் காணவில்லை. 1980 மே மாதம் முதல் நாள், தம் பதினேழாம் வயதில் அவர் மறைந்தார். கதையின் துயரத்தோடு இத்துயரத்தையும் சுமந்தே மக்கள் அப்படத்தைப் பார்த்தனர்.

கதைநாயகன் சந்துரு, விலைமகளிரைக் கொல்பவன். தந்தை தாயைக் கொடுமைப்படுத்தியதைச் சிறுவனாக இருந்தபோது கண்டவன். அக்காட்சி அவன் நெஞ்சில் ஆறாத புண்ணாகி, தாயின் வாழ்வைக் கெடுத்தவர்கள் என்று தான் எண்ணிய இனத்தார்மீதெல்லாம் வெறுப்பாக வளர்கிறது. பின்னர் ரேகா என்னும் பெண்ணை விரும்பி, அவளைக் கடத்திச் சென்று உதகையில் ஒரு மாளிகையில் அடைத்து வைக்கிறான். அவன் மனம் பனி மூடிய மலைப்பாதை போன்றது. பாதை இருக்கிறது, அவனுக்குத்தான் புலப்படுவதில்லை.

படம் பாராட்டும் பெற்றது, வெற்றியும் பெற்றது. 1960இல் வந்த ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’வோடு அதை ஒப்பிட்டுப் பேசினர். இரண்டு ஆண்டுகளுக்கு முன், 1978இல், பாரதிராஜாவின் ‘சிகப்பு ரோஜாக்கள்’ ஏறத்தாழ இதே பொருளை எடுத்துக்கொண்டிருந்தது. ஒளிப்பதிவைப் புகழ்ந்தோர் உளர். இசையைப் புகழ்ந்தோர் உளர். நானும் புகழ்ந்தவனே.

சில ஆண்டுகளுக்கு முன் அப்படத்தை வீட்டில் மீண்டும் பார்த்தோம். முடிந்ததும், “பாவம், அவன்!” என்றேன். அருகில் இருந்த என் மகள், “ஏன் அப்பா, செத்துப்போன அந்தப் பெண்கள் பாவம் இல்லையா?” என்று கேட்டாள். நான் வாயடைத்துப் போனேன். கொன்றவனின் பெயர் எனக்கு நினைவிருந்தது. அவனுடைய தாயின் துயரமும் நினைவிருந்தது. கொலையுண்டவர்களில் ஒருத்தியின் பெயரேனும் நினைவில் இல்லை. கதை கேட்டு இரங்கும் நெஞ்சம், கதை சொல்லப்படாதவரை எவ்வளவு எளிதாக மறந்துவிடுகிறது!

காரணத்தை அறிவது வேறு, குற்றத்தைத் துடைப்பது வேறு. வள்ளுவர் மருந்தைப் பற்றிப் பேசுமிடத்தில், நோயையும் அதன் காரணத்தையும் அது தணியும் வழியையும் ஆராயச் சொல்கிறார். காரணம் ஆராய்வது நோயைத் தீர்ப்பதற்காக; நோயை நியாயப்படுத்துவதற்காக அன்று. சட்டமும் இவ்வேறுபாட்டை அறியும். மனநிலை பிறழ்ந்து, தான் செய்வது இன்னதென்று அறிய இயலாதவனுக்கு இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 84ஆம் பிரிவு விலக்களித்தது. 2024இல் அதற்கு மாற்றாக வந்த புதிய சட்டத்தின் 22ஆம் பிரிவும் அவ்வாறே. ஆனால் நெஞ்சில் புண் உண்டு என்பது மட்டுமே அந்த விலக்கைப் பெறப் போதாது.

இங்கே நம் காப்பியங்கள் நினைவுக்கு வருகின்றன. சந்துருவின் தாயைப் போலவே கண்ணகியும் கணவனால் கைவிடப்பட்டவள். அவனும் கணிகை ஒருத்தியை நாடிச் சென்றவன். ஆயினும் கண்ணகி மாதவிமீது ஒருபோதும் கை ஓங்கவில்லை. அவள் சினம் நீதி பிழைத்த அரசனிடம் சென்றது. மதுரையை எரித்தபோதும், அறவோரையும் முதியோரையும் குழந்தைகளையும் விட்டுவிடுமாறு தீக்கு ஆணையிட்டாள். மாதவியோ துறவு பூண்டாள். தன் வயிற்றில் பிறந்த மணிமேகலையைக் கண்ணகியின் மகள் என்றே சொன்னாள் என்று சாத்தனார் பாடுகிறார். புண்பட்ட நெஞ்சம் பழிதீர்க்கத்தான் வேண்டும் என்ற நியதி இல்லை என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

கண்ணகி வளர்ந்தவள்; சந்துரு சிறுவனாக இருந்தபோதே அடிபட்டவன்; இருவரையும் ஒப்பிடுவது நியாயமா என்று கேட்கலாம். நல்ல கேள்வி. சிறுவனின் புண்ணுக்குச் சிறுவன் பொறுப்பல்லன். அவ்வாறு துயருற்ற பிள்ளைகளில் மிகப் பெரும்பாலோர் எவரையும் துன்புறுத்தாது வாழ்கின்றனர். தாம் பட்டதைப் பிறர் படலாகாது என்று கண்ணீரோடு காக்கின்றனர். மனநோயுற்றோரை அஞ்சத்தக்கவராகக் காண்பதும் பெரும் பிழை. ஆகவே அச்சிறுவனுக்காக நான் அழுவேன். அம்மனிதனை விடுவிக்க மாட்டேன். இரண்டும் ஒரே நெஞ்சில் இருக்கலாம்; இருக்கவும் வேண்டும்.

ஆனால் அச்சிறுவனுக்காக அழ வேண்டிய காலம் எது? அவன் கொலைகாரனான பின்னரா? இங்கேதான் என் குற்றத்தை நான் சொல்லவேண்டும். பல்லாண்டுகளுக்கு முன், நான் குடியிருந்த வரிசை வீட்டில், சுவருக்கு அப்பால் ஒரு தாய் அடிபடும் ஓசை இரவுதோறும் கேட்டது. ஒரு குழந்தையின் அழுகையும் கேட்டது. பிறர் குடும்பத்தில் தலையிடலாகாது என்று எண்ணி, வானொலியின் ஒலியை உயர்த்தினேன். சில மாதங்களில் அக்குடும்பம் மாற்றலாகிப் போய்விட்டது. அப்பிள்ளை இன்று எங்கே, எப்படி இருக்கிறான் என்பதை நான் அறியேன்.

சொந்த ஊரில் இது நடந்திருந்தால் ஒரு தாய்மாமன் வந்து கதவைத் தட்டியிருப்பார். ஒரு பாட்டி பிள்ளையைத் தன் மடியில் கிடத்திக்கொண்டிருப்பாள். புலம்பெயர்ந்த நமக்கு அவர்கள் இல்லை. பொங்கல் விழாவும் பட்டிமன்றமும் நடத்துவதற்கு மட்டுமா நாம் சங்கம் வைத்தோம்? மாமனும் பாட்டியும் இல்லாத இடத்தில் மாமனாகவும் பாட்டியாகவும் இருப்பதற்கும் அன்றோ!

கொன்றவனின் கதையைக் கேட்டு இரங்குவதில் பிழையில்லை. கொலையுண்டவளின் பெயரையும் கேட்போம். அதற்கெல்லாம் முன்னதாக, சுவருக்கு அப்பால் அழும் பிள்ளையின் குரலைக் கேட்போம். அன்று நான் தட்டத் தவறிய அந்தக் கதவை, இதைப் படிக்கும் அன்பர் ஒருவரேனும் தட்டுவாராயின், இக்கட்டுரை எழுதிய பயனை நான் பெற்றவன் ஆவேன்.