அளவுகோலா, கொடுங்கோலா?

"அனைவருக்கும் ஒரே அளவு, இதில் அநீதி ஏது?" என்பர் சிலர். அளவு ஒன்றாயிருந்தால் மட்டும் அது நீதியாகிவிடுமா, தோழர்களே?

அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில், சிறைக்காவலராக விரும்புவோர்க்கு 5 அடி 2 அங்குல உயரமும் 120 பவுண்டு எடையும் வேண்டுமென விதி இருந்தது. ஆண்களில் நூற்றுக்கு ஒருவரைக்கூடத் தடுக்காத அவ்விதி, பெண்களில் நூற்றுக்கு 40 பேருக்கு மேல் வாயிலிலேயே நிறுத்திற்று! பணிக்கு வலிமை தேவை என்று வாதாடினர், விதியைக் காக்க வந்தோர். வலிமைதான் தேவையெனில் வலிமையையே சோதியுங்கள் என்று கூறி, 1977இல் அவ்விதியைத் தள்ளிற்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம்.

காவலர் தேர்வுக்களம் எங்கிருப்பினும் இக்கேள்வி எழவேண்டும்: உயரமும் ஓட்டமும் பணியின் தேவையா, பழக்கத்தின் மிச்சமா? தகுதியைத் தளர்த்தக் கேட்கவில்லை. தகுதி எதுவெனக் காட்டக் கேட்கிறோம். காரணம் கூறவியலாத அளவுகோல் கொடுங்கோலே; அதை முறிப்பதே முறை!