தயக்கம் யாருடையது?

பெண்கள் தயங்காமல் புகார் கொடுக்க முன்வர வேண்டும் என்று காவல்துறையின் விழிப்புணர்வுக் கூட்டங்களில் தவறாமல் சொல்கிறார்கள். நல்லெண்ணத்தோடுதான் சொல்கிறார்கள். ஆனால் அந்த வாக்கியம் குறையை எங்கே வைக்கிறது என்று பாருங்கள். காவல் நிலையத்தில் அல்ல, அதன் படியேறாத பெண்ணிடம். அவளுடைய தயக்கம் ஏதோ நோய் போலவும், செயலியும் உதவி எண்ணும் அதற்கு மருந்து போலவும் பேசப்படுகின்றன. நம்பாமல் இருப்பது அறியாமையா? பல நேரம் அது அனுபவத்தில் சேர்ந்த அறிவு என்றே நினைக்கிறேன்.

நான் வசிக்கும் வண்டலூரில் சீர்திருத்தத்தின் அடையாளங்களுக்குக் குறைவில்லை. பக்கத்து ஊனமாஞ்சேரியில்தான் தமிழ்நாடு காவல் உயர் பயிற்சியகம் இருக்கிறது. 2022 ஜனவரியிலிருந்து தாம்பரத்துக்குத் தனிக் காவல் ஆணையரகம். இவற்றை நான் பரிகசிக்கவில்லை. 1992-இல் சென்னை ஆயிரம் விளக்கில் மாநிலத்தின் முதல் அனைத்து மகளிர் காவல் நிலையம் திறக்கப்பட்டது சாதாரண மாற்றமல்ல. அடிபட்ட உடம்பைப் பற்றி இன்னொரு பெண்ணிடம் பேச ஓர் அறை கிடைத்தது. ஆனால் "பிள்ளைங்க முகத்தைப் பாத்து அனுசரிச்சுப் போம்மா" என்பதையும் அதே அறையில்தான் கேட்க வேண்டியிருக்கிறது. எஃப்.ஐ.ஆர். கேட்டுப் போனவள் சி.எஸ்.ஆர். ரசீதோடு திரும்புகிறாள். பிடியாணையின்றிக் கைது செய்யக்கூடிய குற்றமென்றால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம் என்று 2013-இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. முதலில் விசாரித்துப் பார்க்கலாம் என்று அது விட்டுவைத்த சில விலக்குகளில் குடும்பத் தகராறும் ஒன்று. பெண் அதிகம் அடிபடும் இடம் எதுவோ, விலக்கும் அங்கேயே.

எங்கள் ஊரிலிருந்து ஜி.எஸ்.டி. சாலையில் தெற்கே போனால் செங்கல்பட்டுக்கு முன்னால் பரனூர் சுங்கச்சாவடி. 2021 பிப்ரவரியில் ஒரு பெண் ஐ.பி.எஸ். அதிகாரி, தன்னிடம் பாலியல் அத்துமீறலில் ஈடுபட்ட சிறப்பு டி.ஜி.பி. மீது புகார் கொடுக்கச் சென்னைக்கு வந்துகொண்டிருந்தார். அந்தச் சுங்கச்சாவடியில் அவருடைய காரை மறித்தார்கள். ரவுடிகள் அல்ல, அப்போதைய செங்கல்பட்டு எஸ்.பி.யும் அவருடைய காவலர்களும். அந்தப் பெண்ணுக்குச் சட்டம் தெரியும். பதவி இருந்தது, கார் இருந்தது. தயக்கம் துளியும் இல்லை. அப்படியிருந்தும் வழியை அடைத்தார்கள். 2023 ஜூனில் விழுப்புரம் நீதிமன்றம் சிறப்பு டி.ஜி.பி.க்கு 3 ஆண்டு சிறைத்தண்டனை விதித்தது, எஸ்.பி.க்கு 500 ரூபாய் அபராதம். ஹெல்மெட் போடாமல் வண்டி ஓட்டினால் நாம் கட்டுவது 1,000.

பிரிட்டிஷ் தத்துவவாதி ஒனோரா ஓ'நீல் 2002-இல் பி.பி.சி. வானொலியில் ஆற்றிய உரைகளில் நம்பிக்கையையும் நம்பத்தகுந்த தன்மையையும் பிரித்துப் பார்த்தார். முன்னது நான் கொடுப்பது. பின்னது அவர்களிடம் இருக்க வேண்டியது. என்னிடம் கேட்பதற்கு முன் அவர்களிடம் அது இருக்கிறதா என்று நான் சோதிக்க வேண்டும். சோதிப்பது எப்படி? அவர்களைப் பற்றிய புகாரை யார் கேட்கிறார்கள் என்று பார்த்தால் போதும்.

2006-இல் பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம், காவலர்கள் மீதான புகார்களை விசாரிக்க ஓய்வுபெற்ற நீதிபதிகள் தலைமையில் மாநிலத்திலும் மாவட்டங்களிலும் தனி அமைப்புகள் வேண்டும் என்றது. தமிழ்நாடு 2013-இல் சட்டம் கொண்டுவந்தது. அதில் மாநில அமைப்புக்கு உள்துறைச் செயலர் தலைவர், டி.ஜி.பி. உறுப்பினர். மாவட்டத்தில் ஆட்சியர் தலைவர், எஸ்.பி. உறுப்பினர். பரனூரில் நடந்ததைப் பற்றி மாவட்ட அளவில் புகார் கொடுப்பதாக இருந்தால், காரை மறித்தவரே அதைக் கேட்க உட்கார்ந்திருப்பார். இதை மாற்ற புதுக் கட்டடமோ புதுச் செயலியோ தேவையில்லை, ஒரு சட்டத்திருத்தம் போதும். பரிவாகப் பேசக் காவலர்களுக்குப் பயிற்சி கொடுப்பது எளிது. அவர்களுடைய புகாரை வெளியாள் கேட்க விடுவதுதான் எந்த அரசுக்கும் கசக்கிறது.

2020 ஜூனில் சாத்தான்குளத்தில் ஜெயராஜும் பென்னிக்ஸும் விடிய விடிய அடிக்கப்பட்டதை நீதித்துறை நடுவரிடம் சொன்னவர், அதே நிலையத்தின் தலைமைக் காவலர் ரேவதி. சொன்னதற்குக் கீழே கையெழுத்துப் போட அவர் பயந்தார் என்று நடுவரின் அறிக்கை சொல்கிறது. பாதுகாப்பு உறுதி தந்த பிறகே போட்டார். பின்னர் அவருடைய வீட்டுக்குப் பாதுகாப்பு வந்தது. வாசலில் நின்றவர்களும் போலீஸ்காரர்கள்தான்.