விரல்நுனியின் விவேகம்

கண்டி மாவட்டத்து லூல்கந்துரத் தோட்டத்திலே, 1867ஆம் ஆண்டில், ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்ட காலந்தொட்டு, அத்தொழிலின் ஜீவநாடியாய் விளங்கிவருவது இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகத் தேர்ந்து கிள்ளும் பெண்ணின் விரல்நுனியே. முற்றிய இலையை விடுத்து, மறுபடி துளிர்க்க வேண்டிய கணுவை நோகாமல் காத்து, கண்கள் வழுக்குஞ்சரிவில் அடிவைக்குமிடத்தை நோக்கியிருக்க, கை தானே பகுத்தறிந்து செயற்படும் அந்த நுட்பத்தை எவரும் ஞானமென்று மதித்ததில்லை. நிறுவையில் கொழுந்து குறைந்தால் அவளுக்கு அரைப்பேர், அதாவது அரைநாட் கூலிதான்.

இன்றோ, தேயிலையினின்று காம்பையும் நாரையும் பெண்கள் அமர்ந்து பொறுக்கிய தொழிற்சாலைகளிலே, கெமரா ஒவ்வொரு துணுக்கின் நிறத்தையும் க்ஷணத்தில் ஆராய, காற்றின் ஒரு வீச்சு வேண்டாததை அப்பால் தள்ளுகிறது. அவர்களிடம் அற்பமாய்த் தோன்றிய அதே விவேகம், யந்திரத்தில் அமைந்தவுடன் பெருவிலைக்கு வாங்கப்படுகிறது.

உழைப்பு ஆன்மாவுக்குப் பந்தமா, சாதனமா? தறியின் நாடா தானே நெய்யுமாயின் எசமானருக்கு அடிமைகள் வேண்டியதில்லை என்றெண்ணினார் அரிஸ்டோட்டில். நாடா தானே நெய்யத் தொடங்கிய காலத்திலோ கைத்தறியாளர் வீட்டு அடுப்புத்தான் முதலில் அணைந்தது. அடியார்களின் ஆடை வெளுப்பதையே சிவத்தொண்டாகக் கொண்ட காஞ்சித் திருக்குறிப்புத்தொண்டரின் சரிதம், தொழிலே வழிபாடாகலாமென்று காட்டுகிறது. ஆயினும் அவர் அத்தொண்டைத் தாமே விரும்பி ஏற்றார் என்பதை நாம் மறத்தலாகாது. மழையிலும் அட்டைக்கடியிலும் வயிற்றுக்காக முதுகு வளைப்பதைப் புண்ணியமென்று புகழ்வது, கூடை சுமவாதார் செய்யும் அபசாரம் என்பதே என் துணிபு. அந்தப் பாரத்தை யந்திரம் இறக்கிவைக்குமாயின் அதனை அதர்மமென்று நான் சொல்லமாட்டேன்.

அதர்மம் வேறிடத்தில் இருக்கிறது. தோட்டத்தில் வேலையோடு தொழிலாளர் குடியிருக்கும் லய அறையும் பிணைக்கப்பட்டிருப்பதால், வேலை போகுமிடத்தில் தலைக்குமேலுள்ள கூரையும் ஆட்டங்காணுகிறது. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிரஜாவுரிமை இழந்து, 2003 வரை அதனை முழுமையாகப் பெறாதிருந்த இத்தோட்டத் தொழிலாளர் சமூகத்துக்கு, இன்னொரு முறை நாதியற்று நிற்கும் நிலை நேரலாகாது. ஆயுதபூசையன்று யந்திரங்களுக்குச் சந்தனமும் குங்குமமும் இடுகின்ற நாம், அவற்றால் விளையும் இலாபத்தில் அவ்விரல்களுக்குரிய பங்கையும் தர்மமாகக் கருதவேண்டும். யந்திரம் வரட்டும், அதற்கு முன்னரே லயங்களில் வாழ்வோரின் கையில் காணியுறுதியைக் கொடுங்கள் என்று கம்பனிகளையும் அரசாங்கத்தையும் கேட்பது நம் ஒவ்வொருவரின் கடமை.