தேக்கா என்றே சொன்னோம்

சிங்கப்பூரில் லிட்டில் இந்தியாவின் முனையில் இருக்கும் சந்தைக்கு எங்கள் வீட்டில் தேக்கா என்றுதான் பெயர். அது ஹொக்கியன் சொல்; மூங்கில் புதரின் அடி என்று பொருள். பொருள் தெரியாமலே தலைமுறை தலைமுறையாகத் தமிழர்கள் அங்கே ஆட்டுக்கறியும் முருங்கைக்காயும் வாங்கி வந்திருக்கிறார்கள். 1982இல் சந்தை புதுக் கட்டடத்துக்கு மாறியபோது அதே பெயரை மாண்டரின் உச்சரிப்பில் ஜுஜியாவ் என்று எழுதிப் பலகை மாட்டினார்கள். எனக்குத் தெரிந்து யாரும் அப்படிச் சொல்லவில்லை. சீன மீன்கடைக்காரரும் சொல்லவில்லை, என் அம்மாவும் சொல்லவில்லை. 2000இல் அந்தப் பலகை இறங்கி, தேக்கா மறுபடி ஏறியது.

மக்கள் நாக்கை எந்தத் தலைவராலும் வளைக்க முடியாது என்பதற்கு உதாரணமாக இந்தக் கதையை நான் பல வருடம் விருந்துகளில் சொல்லி வந்தேன். நல்ல கதை. ஆனால் பாதிக் கதை. நீ சூன் என்ற வணிகரின் பெயரை மாண்டரினாக்கி ஒரு புதுநகருக்கு யீஷூன் என்று வைத்தார்கள், அது நிலைத்துவிட்டது. அங்கே பிறந்த பிள்ளைகளுக்கு வேறு பெயர் நாக்கில் வராது. தேக்கா என்ற சொல் பிழைத்தது. அந்தச் சொல்லைப் பெற்ற மொழி பிழைத்ததா என்பது வேறு விஷயம். 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், வீட்டில் அதிகம் பேசும் மொழி ஹொக்கியன், தியோச்சியூ, கேண்டனீஸ் முதலிய சீனக் கிளைமொழிகளில் ஒன்று என்று சொன்னவர்கள் 8.7 விழுக்காடுதான். ஆங்கிலம் என்றவர்கள் 48.3.

1979 செப்டம்பரில் லீ குவான் யூ மாண்டரின் பேசுங்கள் இயக்கத்தைத் தொடங்கி வைத்தபோது எனக்குப் பத்து வயது. ஆங்கிலம் பேசும் குடும்பத்தில் வளர்ந்தவர் அவர். 1961 இடைத்தேர்தலுக்காக விழுந்து விழுந்து ஹொக்கியன் கற்றுக்கொண்டு மேடையேறியவர். வாக்குக் கேட்க உதவிய அந்த மொழியை அவரே மேடையிலிருந்து இறக்கினார். தான் ஹொக்கியனில் பேசிக்கொண்டே மற்றவர்களை விடச் சொல்வது முறையல்ல என்று நிறுத்திவிட்டார். அந்த நேர்மையை நான் மதிக்கிறேன். வானொலியிலும் தொலைக்காட்சியிலும் கிளைமொழி நிகழ்ச்சிகள் ஒவ்வொன்றாக ஓய்ந்தன. ஹாங்காங் நாடகங்கள் மாண்டரின் குரலில் வந்தன.

தோ பாயோவில் எங்கள் அடுத்த வீட்டு ஆமாவுக்கு ஹொக்கியன் தவிர வேறொன்றும் தெரியாது, சந்தை மலாயைத் தவிர. அந்த மலாயில்தான் அவரும் என் பாட்டியும் தாழ்வாரத்தில் உட்கார்ந்து பேசிக்கொள்வார்கள். "சுடா மாக்கான்?" என்று ஒருவர் கேட்பார். "சுடா" என்று மற்றவர் சொல்வார். சாப்பிட்டாச்சா, ஆச்சு. அதற்குப் பிறகு அரை மணி நேரம் என்ன பேசினார்கள் என்பது எனக்கு இன்றுவரை புதிர்.

ஆமாவின் மருமகள் ஒரு நாள், பையனோடு ஹொக்கியன் பேசவேண்டாம், பள்ளியில் குழம்புகிறான் என்று சொல்லிவிட்டார். கோபமாக இல்லை, பயந்து போய்ச் சொன்னார். அதன் பிறகு ஆமா பேரனுக்குச் சோறு ஊட்டும்போது பேசாமல் ஊட்டினார். ஹொக்கியன் பேசினால் அபராதமோ சிறையோ கிடையாது. அந்த வீட்டுக்குள் எந்த அதிகாரியும் வரவில்லை. வரத் தேவையும் இருக்கவில்லை.

ஒரு பெரிய மனிதர் நாட்டை மாற்றினார் என்று நாம் சொல்லும்போது இந்த இடத்தைத் தாண்டிப் போய்விடுகிறோம் என்று நினைக்கிறேன். அவர் யாருடைய வாயையும் பொத்தவில்லை. எந்த மொழிக்கு என்ன விலை என்பதை மாற்றினார், அவ்வளவுதான். பரீட்சை, வேலை, வானொலி எல்லாம் ஒரு பக்கம் சாய்ந்தன. மீதியைத் தாய் தகப்பன்மார் முடித்தார்கள். பிள்ளைமேல் இருந்த அன்பே அந்தக் கொள்கையை அடுக்குமாடி வீடுகளின் ஒவ்வொரு கதவுக்குள்ளும் கொண்டுபோனது.

அப்படியானால் அது நடந்தேயிருக்கும், லீ வெறும் சாக்கு என்று சிலர் சொல்வார்கள். தைவானைப் பார், குவாங்சோவைப் பார் என்பார்கள். அங்கேயும் மாண்டரினைப் புகுத்தியது அரசுதான், தானாக வந்த வெள்ளம் இல்லை. ஆனால் அவர்கள் சொல்வதில் எனக்கு உறைக்கும் ஒன்று உண்டு. தமிழைக் கைவிடச் சொல்லி எங்களிடம் எவரும் இயக்கம் நடத்தவில்லை. பள்ளியில் பாடம், நாளிதழ், தொலைக்காட்சி, நாணயத்தில் எழுத்து எல்லாம் கொடுத்தார்கள். அதே 2020 கணக்கெடுப்பில் சிங்கப்பூர் இந்தியர்களில் ஏறத்தாழ அறுபது விழுக்காட்டினர் வீட்டில் அதிகம் பேசுவது ஆங்கிலம்.

அதிகாரபூர்வ மொழிகள் நான்கில் தமிழும் ஒன்று என்பதில் நமக்கு நியாயமான பெருமை உண்டு. 2015இல் லீ இறந்தபோது மன்னார்குடிப் பக்கம் இரங்கல் பதாகைகள் கட்டியதற்கு அதுவும் ஒரு காரணம். அதற்கு முன்னால் கோ. சாரங்கபாணி போன்றவர்கள் செய்த வேலை இருக்கிறது. 1935இல் தமிழ் முரசைத் தொடங்கினார், 1952இல் தமிழர் திருநாளைக் கொண்டாட வைத்தார், குடியுரிமை எடுங்கள் என்று தோட்டத்துத் தமிழரையும் துறைமுகத்துத் தமிழரையும் விடாமல் கேட்டார். அவர் கையில் அரசாங்கம் இல்லை, பத்திரிகைதான் இருந்தது. ஒவ்வொரு தடவையும் ஆட்களைச் சம்மதிக்க வைத்தாக வேண்டும். இருவருமே சமூகத்தை உருவாக்கியவர்கள்தாம். ஆனால் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போகக்கூடியவர்களிடம் பேசுவது ஒன்று, அப்படிப் போக முடியாதவர்களிடம் பேசுவது இன்னொன்று.

இவ்வளவு தள்ளி நின்று எழுதுவதற்கு எனக்கு உரிமை குறைவு. தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்த என் பாட்டியை நாங்கள் அவ்வா என்று கூப்பிடுவோம். அவர் பேசியது தெலுங்கு. அன்று பள்ளியில் எங்களைப் போன்றவர்கள் இரண்டாம் மொழியாக எடுக்கக்கூடிய இந்திய மொழி தமிழ் ஒன்றுதான். 1990 வாக்கில் இந்தி, பஞ்சாபி, வங்காளம், குஜராத்தி, உருது ஆகியவற்றுக்கு இடம் கிடைத்தது. தெலுங்குக்கும் மலையாளத்துக்கும் கிடைக்கவில்லை. நான் தமிழ் படித்தேன், பிடித்துப் படித்தேன். என் அப்பா ஒரு நாள் தன் தாயிடம், பிள்ளைக்குத் தமிழ் இலக்கணம் குழம்புகிறது, கொஞ்ச நாள் தமிழிலேயே பேசுங்கள் என்றார். அவ்வாவுக்குச் சந்தையில் பேசும் அளவுக்குத் தமிழ் தெரியும். அந்தத் தமிழில் என்னை என்னவென்று கொஞ்சுவது என்று அவருக்குத் தெரியவில்லை. "நாயனா" என்று ஆரம்பித்து நிறுத்திக்கொள்வார். அந்தக் கொஞ்ச நாள் முடியவே இல்லை.

இப்போது நீங்கள் படிக்கும் இந்தத் தமிழ் அப்படி வந்தது. இந்தத் தமிழ் இல்லாத என்னை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. நான் லாபம் அடைந்தவன். செலவு வேறொருவர் கணக்கில் எழுதப்பட்டது.

லீயின் பக்கத்து வாதம் சாதாரணமானதல்ல. வீட்டில் ஒரு மொழி, பள்ளியில் வேறு இரண்டு மொழி என்று பிள்ளைகள் தடுமாறியது உண்மை. கோ கெங் சுவீயின் 1979 கல்வி அறிக்கை அதைத்தான் சொன்னது. ஒருவர் பேச்சு மற்றவருக்குப் புரியாத சீனர்களுக்கு ஒரு பொதுமொழி கிடைத்தது. நாளைய பலனுக்காக இன்று வலியைத் தாங்கச் சொல்வது தலைவரின் வேலை என்றே வைத்துக்கொள்வோம். பலனை அனுபவிக்கப் போகிறவர்களிடம் அதைக் கேட்கலாம். ஆமாவும் அவ்வாவும் அந்த நாளை வரை இருக்கப் போவதில்லையே? அவர்கள் மறுக்கவில்லை என்பது சரிதான். பேரன் நன்றாக இருக்கவேண்டும் என்று இருவரும் விரும்பினார்கள். ஆனால் அவர்களுடைய மௌனத்தைச் சம்மதக் கையெழுத்தாக எடுத்துக்கொள்ள என்னால் முடியவில்லை.

2009இல் லீயே, தொடக்க ஆண்டுகளில் சீனமொழியைக் கற்பித்த முறை தவறு என்று வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். அத்தனை பெரிய மனிதர் அத்தனை வயதில் அப்படிச் சொன்னது அபூர்வம். ஆனால் தவறு என்று அவர் சொன்னது கற்பித்த முறையை. தாழ்வாரத்தின் பக்கம் அவர் பார்வை திரும்பியதாக எனக்குத் தோன்றவில்லை. 2016இல் அரசு ஆதரவோடு ஒரு ஹொக்கியன் தொலைக்காட்சி நாடகம் வந்தது. முதியவர்களுக்கான திட்டங்களை அவர்களுக்குப் புரியும் மொழியில் விளக்குவதற்காக எடுத்தது. சாப்பிட்டாச்சா என்பதுதான் நாடகத்தின் பெயர்.

அடுத்த வீட்டுப் பையனுக்கும் இப்போது ஐம்பது தாண்டிவிட்டது. தேக்காவில் காப்பி குடித்துக்கொண்டிருந்தபோது அந்த நாடகத்தைப் பற்றிப் பேச்சு வந்தது. எல்லாப் பகுதிகளையும் பார்த்தானாம், கீழே ஓடிய எழுத்தைப் படித்துப் படித்து. பிறகு, "உன் பாட்டியும் என் பாட்டியும் நாள் முழுக்கப் பேசிக்கொண்டிருப்பார்களே, உன் பாட்டி பேசியது தமிழ்தானே?" என்று கேட்டான்.

ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.