முதிர்ந்த பூனையின் நகம்

ஓர் உயிருக்கு நன்மை செய்யக் கருதி அவ்வுயிருக்கே நோவினை தருவது முறையாகுமா? கேட்பதற்குச் சிறியதாகத் தோன்றும் இவ்வினா, அறநூல் வல்லாரையும் மார்க்கச் சட்ட மேதைகளையும் நெடுங்காலம் சிந்திக்க வைத்ததாகும். மனிதனுக்குக் கைப்பு மருந்து கொடுக்கும் மருத்துவன், காரணம் சொல்லி அவனை இணங்க வைக்கலாம். ஊசிக்கு அஞ்சி அழும் குழந்தை, வளர்ந்தபின் பெற்றோர் தன் நலத்துக்கே அதைச் செய்தனர் என்று அறிந்துகொள்ளும். வாயில்லா ஜீவனோ அன்றும் அறியாது, என்றும் அறியாது. நாம் அதனைப் பிடித்து அமர்த்தும் அந்நேரத்தில், அதன் கண்ணுக்கு நாம் பகைவரேயன்றி வேறல்லர்.

இவ்வினாவை ஏட்டிலிருந்து இறக்கி என் திண்ணையில் வைத்தவர் எங்கள் தெருவில் வாழும் மூதாட்டி ஒருவர். அவர் வளர்க்கும் பூனைக்குப் பதினைந்து வயதுக்கு மேலாகிறது. பின்னங்கால்கள் விறைத்துவிட்டன. படி ஏறுவதில்லை, மதில் தாவுவதில்லை, பாயின் மூலையில் கிடந்து, உணவு வேளைக்கு மட்டும் எழுகிறது. எழும்போது முன்னங்கால் நகம் பாயில் மாட்டிக்கொள்கிறது. தரையில் நடந்தால் ‘டக், டக்’ என ஓசை கேட்கிறது. வெட்டிவிடலாமென்று பிடித்தால் ஊரைக் கூட்டுகிறது. “மீன் மார்க்கெட்டில் கொண்டுபோய் விட்டுவிடலாம், அங்கே அதன் பாட்டைப் பார்த்துக்கொள்ளும்” என்று பேரன் சொல்லியிருக்கிறான். மூதாட்டி என்னிடம் கேட்டது இது: “ஆலிம்சா, புடிச்சி அமுக்குனா பதறுது. அது கத்துற கத்துல எனக்கு ஈரக்கொல நடுங்குது. வெட்டுனா குத்தமா, வெட்டாம வுட்டா குத்தமா?”

விடை சொல்லுமுன் பொருளை அறிந்துகொள்ள வேண்டும். பண்டைத் தமிழர் நகத்தை உகிர் என்றனர். காட்டுப் பூனையை வெருகு என்றனர். வெருகின் உகிரை வெட்டிவிட எவரும் காட்டுக்குச் செல்வதில்லை. படைத்தவன் அதற்கு வேறு ஏற்பாடு செய்திருக்கிறான். பூனையின் நகம் வெங்காயத் தோல்போல் அடுக்கடுக்காக வளர்வது. மரப்பட்டையிலோ கதவு நிலையிலோ அது பிறாண்டும்போது, வெளியடுக்கு உறைபோல் கழன்று விழ, உள்ளிருந்து கூரிய புது நகம் வெளிப்படுகிறது. நம் வீட்டு நாற்காலியின் மீது அதற்குப் பகை ஏதுமில்லை. அது தன் நகத்தைத் திருத்திக்கொள்கிறது, அவ்வளவே.

முதுமையில் இவ்வேற்பாடு தளர்ந்துவிடுகிறது. பிறாண்டுவதற்குப் பூனை நிமிர்ந்து நின்று, தோளை நீட்டி, உடல் முழுவதையும் இழுக்க வேண்டும். மூட்டு நோவு கண்ட பூனைக்கு அது இயலாது. 12 வயதுக்கு மேற்பட்ட நூறு பூனைகளின் கதிர்ப்படங்களை ஆராய்ந்து அமெரிக்க மருத்துவர்கள் 2002ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வில், தொண்ணூறு பூனைகளுக்கு மூட்டுத் தேய்வின் அடையாளம் இருக்கக் கண்டனர். அவற்றுள் பலவற்றின் உரிமையாளர்கள் அதை அறியாமலே இருந்திருக்கக் கூடும். ஏனெனில் பூனை நோவை மறைப்பதில் வல்லது. நொண்டுவதைக் காட்டிலும் நடப்பதையே நிறுத்திவிடும். நாமோ, “வயதாகிவிட்டது, தூங்குகிறது” என்று சொல்லிக் கடந்துபோகிறோம்.

இவ்வாறு உதிராத நகம் தடித்து, உடையும் தன்மை பெற்று, வளைந்து வளர்கிறது. இளமையில் உறைக்குள் வாள்போல் உள்ளடங்கும் நகம், முதுமையில் முழுதும் உள்ளே செல்வதுமில்லை. முன்னங்காலுக்கு ஐந்தும் பின்னங்காலுக்கு நான்குமாகப் பதினெட்டு நகங்களுள், முன்னங்காலின் உட்புறத்தில் கட்டைவிரல்போல் சற்று மேலே நிற்பதே மிகவும் அஞ்சத்தக்கது. தரையைத் தொடாதாகையால் அது தேய்வதற்கு வழியில்லை. வட்டமாக வளைந்து, பாதத்தின் மெத்தென்ற சதைக்குள்ளேயே மீண்டும் புகுந்துவிடும். தன் நகத்தாலேயே தான் குத்துண்டு, ஒவ்வோர் அடிக்கும் அந்த ஆணி ஆழமாக இறங்க, சொல்ல வாயின்றிக் கிடக்கும் ஓர் உயிரை எண்ணிப் பாருங்கள். பேரனின் யோசனையையும் மூதாட்டியின் அச்சத்தையும் இதனை மனத்திற்கொண்டே நிறுத்துப் பார்க்க வேண்டும்.

முதலில் பேரனின் யோசனை. பூனையைக் கட்டிவைத்துப் பட்டினி போட்டதால் நரகம் புகுந்த பெண்ணைப் பற்றி நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கூறிய செய்தி நம் வீட்டுச் சிறாரும் அறிந்ததே. இப்னு உமர் (ரலி) வாயிலாக வரும் அந்த ஹதீஸை நன்கு கவனித்தால், அப்பெண்ணுக்கு இரு வழிகள் திறந்திருந்தன என்பது விளங்கும். அவள் உணவளித்திருக்கலாம்; அல்லது பூமியின் சிற்றுயிர்களைத் தின்று பிழைக்குமாறு அவிழ்த்து விட்டிருக்கலாம். இரண்டையும் அடைத்ததே அவள் குற்றம். பேரன் இரண்டாம் வழியைச் சுட்டுகிறான். ஆனால் அவ்வழி ஓடித் திரியும் பூனைக்குரியதன்றோ? எலியைத் துரத்தக் காலில்லாத, நாயைக் கண்டு மதிலேறத் தெம்பில்லாத பூனையை மார்க்கெட்டில் விடுவது அவிழ்த்து விடுவதாகாது. கட்டின கயிற்றை அறுத்துவிட்டு, கட்டின பலனை மட்டும் மிச்சம் வைப்பதாகும். வயது முதிர முதிர, அப்பெண்ணுக்கிருந்த இரு வழிகளுள் ஒன்று தானே அடைபட்டுப் போகிறது. எஞ்சியிருப்பது வீட்டாரின் கை ஒன்றுதான்.

இங்கே இமாம் இஸ்ஸுத்தீன் இப்னு அப்திஸ்ஸலாம் (ரஹ்) அவர்களை நினைவுகூராமல் மேலே செல்ல இயலவில்லை. திமிஷ்கில் பிறந்து, கெய்ரோவில் ஹிஜ்ரி 660இல் (கி.பி. 1262) மறைந்த ஷாஃபிஈ மேதை அவர். நன்மைகளையும் தீமைகளையும் நிறுத்துப் பார்க்கும் இலக்கணத்தை வகுக்கும் ‘கவாயிதுல் அஹ்காம்’ என்ற தம் நூலில், மனிதன்மீது விலங்குகளுக்குள்ள உரிமைகளை அவர் வரிசைப்படுத்துகிறார். அவற்றுள் முதலாவது, அவற்றுக்குத் தக்க செலவைச் செய்வது. அதனோடு நில்லாமல், அவை முடமாகியோ நோயுற்றோ இனி எப்பயனும் தரமாட்டா என்ற நிலையை அடைந்தாலும் அச்செலவு நீங்காது என்றும் சேர்க்கிறார். முடமாவதற்கு அவர் ஆண்ட அரபுச் சொல், காலத்தைக் குறிக்கும் ‘ஜமான்’ என்ற சொல்லின் வேரிலேயே பிறந்தது. நெடுங்காலம் நீடித்து நீங்காத நோயுற்றவனை அரபியர் ‘ஜமின்’ என்பர். காலமே நோயாக உறைந்துவிட்டது என்று நான் என் மாணவர்களுக்கு விளக்குவதுண்டு. மூதாட்டியின் பூனைக்கு இதனினும் பொருந்தும் சொல் ஒன்று எனக்குத் தெரியவில்லை.

இஃது ஏட்டுச் சட்டமாக மட்டும் இருந்ததில்லை. உழைத்து ஓய்ந்த குதிரைகள் சாகும்வரை மேய்வதற்கென்றே திமிஷ்கில் ஒரு பசும்புல் வெளி வக்ஃபு செய்யப்பட்டிருந்ததை முஸ்தஃபா அஸ்ஸிபாயி எழுதியிருக்கிறார். கெய்ரோவின் வடபுறம் சுல்தான் பைபர்ஸ் பூனைகளுக்கென ஒரு தோட்டத்தை எழுதிவைத்த செய்தியை, 19ஆம் நூற்றாண்டில் அந்நகரில் தங்கியிருந்த ஆங்கிலேயர் எட்வர்ட் லேன் குறித்துள்ளார். இமாம் இஸ்ஸுத்தீன் மறைந்தது அந்த பைபர்ஸின் ஆட்சியில்தான்.

மற்றொன்றையும் சொல்லிவிடுகிறேன். பூனை வாய்வைத்த நீர் அசுத்தமன்று, அவை உங்களைச் சுற்றி வருபவை என நபியவர்கள் காரணமும் கூறியிருப்பதை அபூ கதாதா (ரலி) அறிவிக்கிறார். ‘சுற்றி வருவதே காரணமாயின், சுற்ற இயலாத பூனையின் எச்சில் என்னாகும்?’ என்று ஒரு குறும்புக்கார மாணவன் என்னைக் கேட்டான். காரணம் இனத்தை நோக்கியது, தனிப் பூனையை நோக்கியதன்று. மேலும் ஷாஃபிஈ மத்ஹபில் நாயும் பன்றியும் அவற்றின் வழிவந்தவையும் நீங்கலாக உயிருள்ள விலங்கெல்லாம் சுத்தமானவையே. சட்டம் இத்துடன் முடிந்தது. எனினும், நம்மைச் சுற்றி வருவது என்ற பெயர் பெற்ற உயிர் ஓய்ந்து படுத்தபின், யார் யாரைச் சுற்றிவர வேண்டும் என்று அவன் கேட்டிருப்பானேயானால், அதை இன்னும் நல்ல கேள்வி என்று சொல்லியிருப்பேன்.

இனி மூதாட்டியின் அச்சம். இதுவே கடினமானது. பூனை கத்துகிறதே, அந்தக் கத்தலுக்கு நாம் பொறுப்பில்லையா? பொறுப்புண்டு. ஆனால் அது எதற்காகக் கத்துகிறது என்று பிரித்தறிய வேண்டும். நகத்தின் நுனியில் நரம்பில்லை, குருதியில்லை. அங்கே வெட்டினால் நமக்கு நகம் வெட்டும்போது நோவாததுபோல் அதற்கும் நோவாது. உள்ளே இளஞ்சிவப்பாகத் தெரியும் பகுதியில்தான் நரம்பும் குருதிக் குழாயும் உள்ளன. ஆகவே நுனியை வெட்டும்போது பூனை கத்துவது வெட்டினாலன்று. பிடிபட்ட அச்சம் ஒன்று. நோயுற்ற மூட்டை நாம் இழுத்து நீட்டுவதால் உண்டாகும் நோவு மற்றொன்று. இவ்விரண்டும் நகவெட்டும் செயலுக்கு இன்றியமையாதவை அல்ல. நம் அவசரம் கொண்டுவந்து சேர்த்தவை. தவிர்க்க இயலாத சிறு துன்பத்தைப் பெருந்துன்பத்தை நீக்குவதற்காக ஏற்கலாம் என்று சட்டம் இடம் தருகிறது. தவிர்க்க இயலும் துன்பத்துக்கு அந்த இடம் கிடையாது.

எல்லாச் செயலிலும் செம்மையை இறைவன் விதித்திருக்கிறான் என்று தொடங்கி, அறுக்கும் பிராணிக்கும் கத்தியைக் கூர்மையாக்கி அதற்கு ஆறுதல் அளியுங்கள் என்று முடியும் நபிமொழியை ஷத்தாத் இப்னு அவ்ஸ் (ரலி) அறிவிக்கிறார். உயிர் போக்கும் கத்திக்கே இவ்விதி என்றால், உயிர் பேணும் நகவெட்டிக்கு என்ன சொல்வது? மழுங்கிய நகவெட்டி முதிர்ந்த நகத்தை நசுக்கிப் பிளக்கும். பூனைக்கென்றே சிறு கத்தரிபோல் விற்கிறார்கள். அதன் கூர்மை கெடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

மூதாட்டிக்கு நான் சொன்ன முறை இதுதான். கால்நடை மருத்துவர் ஒருவரிடமும் கேட்டு உறுதி செய்துகொண்டேன். பூனையைத் தூக்கிவரலாகாது; அது படுத்திருக்கும் இடத்துக்கு நாம் செல்ல வேண்டும். உண்டு முடித்து அரைத் தூக்கத்தில் இருக்கும் நேரம் ஏற்றது. படுத்திருக்கும் நிலையை மாற்றாமல், பிடரியைப் பற்றாமல், காலை வெளிப்புறமாகவோ மேல்நோக்கியோ இழுக்காமல், ஒரு விரலை மட்டும் மேலும் கீழுமாக மெல்ல அழுத்தினால் நகம் வெளியே வரும். வெளிச்சத்தில் பார்த்து, சிவந்த பகுதிக்கு நன்கு முன்னதாக, வளைந்த நுனியை மட்டும் எடுக்க வேண்டும். தடித்த நகத்தில் சிவப்புத் தெரியாவிடின் மிகச் சிறிதே எடுப்பது நலம். தவறிக் குருதி கசிந்தால் சோளமாவைத் தொட்டு வைத்துச் சில நிமிடம் துணியால் அழுத்தினால் நின்றுவிடும்.

எல்லா நகத்தையும் ஒரே அமர்வில் முடித்துவிட வேண்டும் என்ற எண்ணமே பெரும்பாலான போராட்டத்துக்குக் காரணம். முதிர்ந்த பூனையின் நகத்தை இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு ஒருமுறை பார்ப்பது வழக்கம். நாளொன்றுக்கு ஒரு நகம் என்று வைத்துக்கொண்டால், பதினெட்டாம் நாள் கடைசி நகம் முடியும். சில நாட்களில் முதல் நகத்தின் முறை வந்துவிடும். பூனை விழித்துப் பதறுவதற்குள் அன்றைய வேலை முடிந்துவிடும். மனிதர் நமக்கு நகங்களைதல் இயற்கை வழக்கங்களுள் ஒன்றாகச் சொல்லப்பட்டு, நாற்பது நாளுக்கு மேல் விடலாகாதென்ற எல்லையும் உண்டு. ஒரு தஸ்பீஹ் உருட்டும் நேரங்கூட இதற்கு ஆகாது.

பூனையின் துயிலைக் கலைக்க மனமின்றித் தம் சட்டைக் கையையே கத்தரித்த பெரியாரின் கதையை நம் மக்கள் நபியவர்கள்மீது ஏற்றிச் சொல்கின்றனர். அதற்கு ஹதீஸில் ஆதாரமில்லை. அச்செய்தி ஷெய்கு அஹ்மது ரிஃபாயீ (ரஹ்) அவர்களின் வரலாற்றில் வருவது. தொழுகை முடிந்தபின் அவர் அந்தக் கையைத் திரும்பத் தைத்துக்கொண்டார் என்றும் அதில் உள்ளது. கதை சொல்வோர் இப்பகுதியை விட்டுவிடுகின்றனர். எனக்கோ அந்தத் தையலே மிகவும் பிடிக்கும்.

இரண்டு எச்சரிக்கைகள். நகம் ஏற்கெனவே சதைக்குள் புகுந்திருந்தால் வீட்டில் கைவைக்கலாகாது. அது புண், மருத்துவருக்குரியது. மூட்டு நோவுக்கென்று நாம் விழுங்கும் மாத்திரையில் ஒரு துண்டு கொடுப்பதும் கூடாது. நமக்கு எளிய மருந்தான பாராசிட்டமால் பூனைக்கு நஞ்சு. மேல்நாடுகளில் சிலர், தொல்லையே வேண்டாமென்று பூனையின் நகத்தை அடியோடு அகற்றச் செய்வதுண்டு. அது விரலின் கடைசி எலும்பையே வெட்டியெடுப்பதாகும். அமெரிக்காவின் நியூயார்க் மாநிலம் 2019இல் அதைத் தடை செய்தது. நகத்தின் நுனியைக் களைவது அதன் நலத்துக்கு. விரலைக் குறைப்பது நம் நாற்காலியின் நலத்துக்கு. உறுப்பைச் சிதைத்தலை நம் சட்டம் விலக்கியிருப்பதோடு சேர்த்துப் பார்த்தால், இதில் இரண்டாம் கருத்துக்கு இடமிருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

ஆயினும் ஓர் இடத்தில் எனக்கே தெளிவு குறைவுதான். இத்தனை மென்மையாகச் செய்தும் பூனை இணங்காவிடின்? மூச்சிரைத்து வாயைத் திறந்து திணறினால் அந்தக் கணமே விட்டுவிட வேண்டும். முதிய பூனைக்கு இதய நோயும் இருக்கலாம். ஆனால் திணறாமல், நாள்தோறும் வெறுத்துக் காலை இழுத்துக்கொள்ளும் பூனையை எத்தனை நாள் மீறுவது? அதன் மறுப்புக்கும் ஒரு மதிப்புண்டு. ஆபத்தான நகங்களுக்கு மட்டும் அம்மறுப்பை மீறலாம், ஏனையவற்றுக்கு மீற வேண்டாம் என்பது என் கருத்து. மூதாட்டியிடம், முன்னங்காலின் அந்த இரு உட்புற நகங்களை எப்படியேனும் பார்த்துக்கொள்ளுங்கள், மற்றவை அது அனுமதிக்கும் அளவுக்கு என்றேன். தேங்காய்நார் மிதியடி ஒன்றைப் பாயின் பக்கத்தில் தட்டையாகப் போட்டுவைக்கவும் சொன்னேன். நிமிர முடியாத பூனையும் படுத்தபடியே சில வேளை அதில் நகத்தை இழுக்கும்.